யாரை முதலில் அணைப்பது?

அந்தக் கப்பலில் அடுப்பு முதல் புரொப்பெல்லர் வரை எல்லாமே கரண்டில்தான் ஓடும். கரண்ட் போதாவிட்டால், கம்ப்யூட்டர் ஒரு பட்டியலைப் பார்த்து, அடியில் இருப்பதிலிருந்து ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டே வரும். பட்டியல் எலக்ட்ரீஷியன் கையில்.

முதலில் வந்தவர் சமையல்காரர். தட்டில் சுடச்சுட வறுத்த கோழி.

"நேத்து பாதி வேக்காட்டுல ஓவன் அணைஞ்சு போச்சு. என்னை எங்க வச்சிருக்கீங்க?"

"கடைசியில, அண்ணே."

"சோறு போடுறவன் கடைசியா? கொஞ்சம் பாத்துச் செய்யுங்க, தம்பி."

கோழிக்கால் வாய்க்குள் போனது. ஓவன் பட்டியலில் மேலே போனது.

மாலையில் கேப்டனே வந்தார்.

"ஏசி நின்னா, கூட வந்திருக்கிற வீட்டுக்காரம்மா என்னைத்தான் திட்டுறாங்க. பாத்துக்கோப்பா."

பார்த்துக்கொண்டான். சலவைக்காரர் இஸ்திரி போட்ட இரண்டு சட்டையோடு வந்தார். டிவி பார்ப்பவர்கள் கூட்டமாக வந்தார்கள். யார் மனமும் நோகாமல் ஒவ்வொன்றாக மேலே ஏற்றினான்.

மறுநாள் துறைமுக வாசலில் பலத்த காற்று. அந்த நேரம் பார்த்து ஒரு ஜெனரேட்டர் படுத்துக்கொண்டது. கேப்டன் போனில் பிடித்தார்.

"என்னப்பா, எதுவுமே ஓடலையா?"

"எல்லாமே ஓடுது சார். ஓவன் சூடா இருக்கு, ஏசி ஜில்லுனு இருக்கு, வாஷிங் மெஷின் சுத்துது, டிவி பாடுது."

"அப்போ கப்பல் ஏன் நிக்குது? காத்து நம்மளைத் துறைமுகச் சுவத்துப் பக்கம் தள்ளுதுப்பா."

எலக்ட்ரீஷியன் பட்டியலின் கடைசி வரியைப் பார்த்தான்.

"புரொப்பெல்லருக்காக யாருமே வந்து ஒரு வார்த்தை சொல்லலையே, சார்."