கன்னத்தில் ஊன்றிய கை

“ஜட்ஜம்மா, ஜூரிங்க எல்லாரும் கோட்டை மாட்டிக்கிட்டு நிக்கிறாங்க. நீங்க வந்து ஒரு நன்றி சொல்லிட்டா இருட்டுறதுக்குள்ள வீடு போய்ச் சேருவாங்க. வெளியே பனி கொட்டுது,” என்றார் உதவியாளர் லைல்.

நீதிபதி மாரிட் ஹால்வர்சன் எழுந்திருக்கவில்லை. கருப்பு அங்கியைக்கூடக் கழற்றாமல், கன்னத்தில் கையை ஊன்றியபடி ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பனியில் ஏரி தெரியவில்லை.

“அப்படியே உட்கார்ந்திருங்க. ஓவியரை வரச் சொல்லிடுறேன்,” என்று சிரித்தார் லைல்.

நீதிபதியை வரைந்து நடைகூடத்தில் மாட்டப் போகிறார்கள். இந்தக் கோலத்தில்தான் வரைய வேண்டும் என்று வக்கீல்கள் சொல்லிவிட்டார்கள். கொஞ்ச காலமாக அவர் இப்படித்தான் வழக்குக் கேட்கிறார். அம்மா ஆழமாக யோசிக்கிறார் என்று அவர்கள் தங்களுக்குள் மரியாதையாகப் பேசிக்கொள்வார்கள்.

“மாக்கியைக் கூட்டிட்டுப் போயிட்டாங்களா?”

“போயிட்டாங்க. அவர் சம்சாரம் கோர்ட் போலீஸ் பின்னாடியே ஓடுச்சு. பாவம்.”

ஏர்ல் மாக்கி ஒரு தபால்காரர். முன்னாள் படைவீரர்களுக்கு வந்த வலி மாத்திரைகளைத் தபால் பையிலிருந்து திருடியதாக வழக்கு. அவரே கூண்டேறி, திக்கித் திக்கி, தன் தபால் வண்டியில் கிடைத்த மாத்திரைப் பொட்டலங்களை அங்கே வைத்தது தான் இல்லை என்றார். நீதிபதி அவரை நம்பினார். அன்று கையைக் கன்னத்திலிருந்து எடுத்துவிட்டு, முன்னால் குனிந்து, தன்னை மறந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

ஆனால் நம்புவது அவருடைய வேலை இல்லை. அது ஜூரியில் இருந்த பன்னிரண்டு பேரின் வேலை. நீதிபதி என்ன நினைக்கிறார் என்பது முகத்தில் தெரியவே கூடாது. அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் நாளிலிருந்து அவர் அதைக் காத்து வந்தார். அதில் அவருக்குப் பெருமையும் உண்டு.

பன்னிரண்டு பேரும் மாக்கியைக் குற்றவாளி என்றார்கள். அவருக்குச் சிறை நிச்சயம். ஏன் அப்படி முடிவு செய்தார்கள் என்று கேட்க நீதிபதிக்கு உரிமை இல்லை.

அதிபர் நியமித்த ஆயுட்காலப் பதவி. போ என்று சொல்ல ஆள் கிடையாது. மகள் மட்டும் போன குளிர்காலத்தில், “போதும்மா, விட்டுடு” என்றாள். அதற்குப் பிறகு இருவரும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

ஜூரி அறையில் காப்பி வாசனை. லைல் கதவருகே நிற்க, நீதிபதி மேசையின் ஒரு முனையில் உட்கார்ந்தார். முழங்கையை மேசையில் வைத்துக் கன்னத்தைத் தாங்கிக்கொண்டார்.

“நாட்டுக்காக உங்க நேரத்தைக் கொடுத்தீங்க. ரொம்ப நன்றி.”

“நேரத்தை அதிகமாக் கொடுத்தது இந்தம்மாதான்,” என்று பக்கத்திலிருந்த பெண்ணைக் காட்டினார் ஜூரிகளில் ஒருவரான இரும்புக்கடை கிளென். “ஸ்கூல் பஸ் ஓட்டுறவங்களாச்சே! நாங்க பதினோரு பேரும் கிளம்பலாம்னா, பிரேக் மேல வெச்ச காலை எடுக்கவே மாட்டேன்னுட்டாங்க.”

எல்லோரும் சிரித்தார்கள். பஸ் ஓட்டும் டோரீன் மட்டும் சிரிக்கவில்லை. கையுறைகளை மடியில் வைத்துப் பிசைந்துகொண்டிருந்தாள்.

“எனக்கு வெக்கமா இருக்கு ஜட்ஜம்மா,” என்றாள் நிமிராமலே. “நான் அந்த ஆளை நம்பினேன்.”

சிரிப்பு அடங்கியது.

“அதான் கடைசியில ஒத்துக்கிட்டீங்கல்ல, இப்ப எதுக்கு?” என்றார் கிளென்.

“உள்ளே என்ன பேசினீங்கன்னு நான் கேட்கக் கூடாது,” என்றார் நீதிபதி மெதுவாக.

“நீங்க கேட்கல. நானா சொல்றேன். சொல்லாட்டி இன்னிக்கு எனக்குச் சோறு இறங்காது.” டோரீன் நிமிர்ந்தாள். “இந்த கிளென்தான் கேட்டாரு, ‘ஜட்ஜம்மாவைப் பார்த்தியா இல்லையா?’ன்னு. நானும் பார்த்தேன். மத்த நாளெல்லாம் கன்னத்துல கையை வெச்சு, சிலை மாதிரி இருந்தீங்க. மாக்கி பேசினப்ப மட்டும் கையை எடுத்துட்டீங்க. அந்த ஆள் ஒவ்வொண்ணாச் சொல்லச் சொல்ல, இல்ல, இல்லன்னு தலையை ஆட்டிக்கிட்டே இருந்தீங்க.”

“நாங்க எல்லாருமே பார்த்தோம்,” என்றார் கிளென். “மறைக்கத்தான் பார்த்தீங்க. ஆனா உங்களாலேயே தாங்க முடியலைன்னு தெரிஞ்சுது.”

“எத்தனை பொய்யைக் கேட்டவங்க! அவங்களுக்குத் தெரியாததா பஸ் ஓட்டுற எனக்குத் தெரிஞ்சுடப் போகுதுன்னு நானும் கையைத் தூக்கிட்டேன்.” டோரீன் மேசைமேல் முன்னால் சாய்ந்தாள். “சொல்லுங்க ஜட்ஜம்மா. அந்த ஆள் பொய்தானே சொன்னாரு?”

  யாரோ காப்பிக் கோப்பையை எடுத்து, குடிக்காமல் திரும்ப வைத்தார்கள். நீதிபதியின் கழுத்திலிருந்து சிவப்பு ஏறி, காதுவரை பரவியது.

“லைல், மாக்கியோட வக்கீல் இன்னும் கிளம்பியிருக்க மாட்டார். ரெண்டு பக்கத்து வக்கீலையும் கோர்ட்டுக்குத் திரும்பக் கூப்பிடுங்க.”

“இப்பவா? எதுக்கும்மா?”

“நான் அவங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். முன்னாடியே சொல்லியிருக்கணும்.”

லைல் தயங்கியபடி வெளியே போனார். நீதிபதி டோரீன் பக்கம் திரும்பினார்.

“நான் அவரை நம்பினேன் டோரீன். முழுசா நம்பினேன்.”

சொல்லிவிட்டுக் கன்னத்திலிருந்து கையை எடுத்தார். போன குளிர்காலத்திலிருந்து அந்தக் கை பிடித்து நிறுத்தி வைத்திருந்த தலை, பன்னிரண்டு பேர் பார்த்துக்கொண்டிருக்க, இல்லை, இல்லை என்று தானாக ஆடத் தொடங்கியது.