பாதித் தரை

பாயா என்ற ஊரின் கடலுக்கடியில் மூழ்கிக் கிடக்கும் ரோமானிய மாளிகையை, முக்குளிக்க வரும் பயணிகளுக்குக் காட்டுவதுதான் எர்சிலியாவின் வேலை. மணலைக் கையால் விசிறி விலக்கினால் வண்ணக்கல் பதித்த தரை தெரியும். அவர்கள் பார்த்து முடித்ததும் திரும்ப மூடிவிட வேண்டும். இல்லாவிட்டால் பாசி பிடித்துக் கற்கள் பெயர்ந்துவிடும். அவளும் அவள் கணவன் துல்லியோவும் ஆளுக்கொரு சுவரோரம் மூடத் தொடங்கி நடுவில் சந்திப்பார்கள்.

போன வருடம் ஒருநாள், காலையில் போட்ட சண்டையின் கோபத்தில், அவள் தன் பாதியை மூடாமல் பயணிகளோடு மேலே போய்விட்டாள். வா என்று அவன் கை காட்டியதைப் பார்த்தும் போனாள். அவள் பாதியையும் அவனே மூடிக்கொண்டிருந்தபோது அவன் இதயம் நின்றுவிட்டது.

இப்போது அவள் தனியாக மூடுகிறாள்.

"எப்படிக்கா ஒத்தை ஆளா இவ்வளவு சீக்கிரம் முடிச்சிட்டு வர்றீங்க? கீழே கூலிக்கு ஆள் வெச்சிருக்கீங்களா?" என்றான் படகோட்டி நுன்சியோ.

"உன் வேலையைப் பாருடா. மோட்டார்ல எண்ணெய் ஒழுகுது."

அவள் தன் பாதியை மட்டும்தான் மூடுகிறாள். நிமிரும்போது மறுபாதி மூடியிருக்கும்.

இன்று நடுவில் ஒரு சாண் தரையை மூடாமல் விட்டு, அதன்மேல் கையை வைத்துக் காத்திருந்தாள். எதிர்ப்புற மணல் அவள் விரல்நுனி வரை வந்து நின்றது. மேலே வா என்று கை காட்டினாள். மணல் அசையவில்லை. முதுகு உருளையில் காற்று குறைந்துகொண்டே வந்தது. இந்தமுறையும் அவள்தான் முதலில் கிளம்ப வேண்டியிருந்தது.

பாதி உயரத்தில் குனிந்து பார்த்தாள். அவள் விட்டுவந்த அந்த ஒரு சாண் தரையையும் மணல் மெதுவாக மூடிக்கொண்டிருந்தது.