ரதியின் சம்மதம்

"இன்னுமொரு ரோல்ஸ் வைக்கட்டே?"

"வையும், வையும்."

வரதராசா மனைவி ரதியிடம் தட்டை நீட்டினார். சட்டையின் நடுப் பொத்தான் போன வாரமே பூட்ட மறுத்துவிட்டது. அறுபத்தேழு வயது வரைக்கும் ஈர்க்குச்சியாக இருந்தவர், இப்போதுதான் பூசினாற்போல் ஆகியிருக்கிறார். வெள்ளவத்தை ஃபிளாட்டில் கொஞ்ச மாதங்களாகத் தினமும் விருந்துதான்.

அதற்கு முன்பு கதையே வேறு. செத்த பிறகு தன் உடலை மருத்துவ பீடத்துக்குக் கொடுக்கப் போவதாக அவர் சொன்னதும், ரதி ஒரு வாரம் முகம் கொடுத்துக் கதைக்கவில்லை.

"என்ர மனுசனை ஆரோ பிள்ளையள் வெட்டிப் பாக்கிறதோ? கொள்ளி வைக்காம, சாம்பல் கரைக்காம, நான் எங்க போய் அழுறது?"

அவருக்கும் மனம் கரையத்தான் செய்தது. ஆனால் ஆசை விடவில்லை. மருத்துவ பீடத்துக்காக மூன்று தரம் பரீட்சை எழுதி, மூன்று தரமும் மயிரிழையில் தவறவிட்டவர். பிறகு காலமெல்லாம் ஃபார்மசியில் நின்று, டொக்டர்மார் எழுதிய மருந்தை எடுத்துக் கொடுத்தார்.

"முந்தி கேக்க நாதியில்லாத பிணங்களைத்தான் படிக்கக் குடுத்தவை, ரதி. இப்ப சனம் விரும்பிக் குடுக்குது. உயிரோட உள்ள போக முடியேல்லை. செத்தாவது போறனே!"

ஒரு நாள் திடீரென்று ரதி இறங்கி வந்தாள்.

"சரி. உங்கட ஆசைக்கு நான் குறுக்க நிக்கேல்லை. அவையள் எடுத்தா நானே முன்னுக்கு நிண்டு குடுக்கிறன்."

சொன்ன சொல் தவறாதவள் ரதி. அன்று தொடங்கியதுதான் இந்த ராஜ உபசாரம். மத்தியானம் ஆட்டிறைச்சிக் குழம்பு, பின்னேரம் ரோல்ஸ், படுக்கப் போகும்போது நெய் மணக்க ஏதாவது. கல்யாணமான புதிதில்கூட இவ்வளவு கவனிப்பு இல்லை. வரதராசா வெகு சந்தோஷமாக இருந்தார்.

மணி அடித்தது. பக்கத்து ஃபிளாட் ஸும்றா, கையில் மூடிய பாத்திரத்தோடு நின்றாள். மருத்துவ பீடத்தில் படிக்கிற பிள்ளை.

"ஆன்டி கேட்ட வட்டிலப்பம். உம்மா தந்தாங்க."

ரதி அந்த இனிப்பை வாங்கிக்கொண்டு குசினிக்குள் போனாள்.

"வாங்கோ டொக்டர்!" என்றார் வரதராசா. "முதல் நாள் என்னை என்ன செய்வியள்?"

"முதல்ல எல்லாரும் தலைகுனிஞ்சு நிப்போம் அங்கிள். நீங்கதானே எங்களுக்கு முதல் டீச்சர்."

அவருக்குக் கண் கலங்கிவிட்டது.

"கேட்டீரோ ரதி? நான் வாத்தியாராம்!"

ஸும்றா அவருடைய வயிற்றைப் பார்த்துத் தயங்கினாள்.

"ஆனா அங்கிள், இப்பிடிச் சாப்பிட்டா சரிவராதே. பாரம் கூடினவங்கள எங்கட ஃபகல்டியில எடுக்க மாட்டாங்க. ஆன்டி அழுதுகொண்டு வந்த அன்டைக்கே நான் சொன்னேனே, உங்கக்கிட்ட சொல்லல்லயா?"

வாய்க்குப் போன ரோல்ஸ் பாதியில் நின்றது. வரதராசா மெல்லத் திரும்பிப் பார்த்தார்.

ரதி வட்டிலப்பத்தைப் பெரிய துண்டாக வெட்டி அவர் முன்னால் வைத்தாள்.

"சாப்பிடுங்கோ. அவையள் எடுத்தா குடுக்கிறன் எண்டுதானே சொன்னனான்!"