தடை போட்ட சமையலறை

1961. இங்கிலாந்தின் லங்காஷயரில் ஒரு மில் ஊர். புதுப் படத்தைத் தணிக்கைக் குழுவோடு பார்த்துவிட்டு, கொதித்துப்போய் வீடு திரும்பிய கவுன்சிலர் க்ளெமென்ட், முன்னறைச் சாப்பாட்டு மேசை முன் பொத்தென்று உட்கார்ந்தார்.

"தடை போட்டாச்சு வின்னி! நிஜ வாழ்க்கையைக் காட்டுறானாம்! ஒழுகுற குழாய், உரிஞ்ச சுவரு, புகையில கண்ணைக் கசக்குற பொண்டாட்டி... மானமுள்ள எவனாவது சமையலறையை இப்படி வச்சிருப்பானா? எல்லாம் லண்டன்காரன் போட்ட செட்டு!"

"செட்டு இல்லீங்க." மனைவி வின்னி நிதானமாக உருளைக்கிழங்கைப் பரிமாறினாள். "நீங்க மாநாட்டுக்குப் போயிருந்த வாரம் இங்கதான் எடுத்தாங்க."

"இங்கன்னா?"

"நம்ம சமையலறையில. கல்யாணமான இருபத்தஞ்சு வருஷத்துல ஒரு தடவை எட்டிப் பார்த்திருந்தீங்கன்னா, உங்களுக்கே அடையாளம் தெரிஞ்சிருக்கும்."