லேஸ் அம்மா

“மறுபடியும் ஷூ லேஸா?” என்றார் பல் டாக்டர்.

வரிசை நின்றது. நடுவில் வந்த ஒரு அம்மா பாதையோரம் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். தரையைப் பெருக்கும் அளவுக்கு அகலமான பேண்ட். அதற்குள் கையை விட்டு இழுத்து இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தார்.

“மன்னிச்சுக்குங்க. முடிச்சு நிக்க மாட்டேங்குது.”

“ரெண்டு பேர் துணியில ஒரு பேண்ட் தைச்சா முடிச்சு எங்கே நிக்கும்?”

எல்லோரும் சிரித்தார்கள். அந்த அம்மாவும் சிரித்தார்.

கடலோரமாகவே நடந்து, வழியில் உள்ள திராட்சைத் தோட்டங்களில் ஒயின் ருசித்து, அங்கே சுட்ட மீனும் ரொட்டியும் சாப்பிட்டு, சாயங்காலம் கலங்கரை விளக்கத்தில் முடிகிற சுற்றுலா அது. வழிகாட்டிப் பெண் காலையிலேயே கறாராகச் சொல்லியிருந்தாள்.

“கடைசியில ஒரு மணல் வளைவு இருக்கு. கடல் ஏறுறதுக்கு முன்னாடி தாண்டியாகணும். அதனால எல்லாரும் ஒண்ணாத்தான் போகணும். நடக்க முடியாம யாராவது பின்தங்கினா, மேல் ரோட்டுல வர்ற வேனைக் கூப்பிட்டு ஏத்தி விட்டுடுவேன்.”

சொல்லும்போது அவள் பார்வை தபால்காரரின் முழங்காலில் நின்றது. ஓய்வு பெற்றவர். ஆபரேஷன் ஆன கால்.

“என்னை மட்டும் வேன்ல ஏத்திடாதம்மா,” என்றார் அவர், எல்லோர் காதிலும் விழும்படி. “என் வீடு மூணாவது மாடி. லிஃப்ட் கிடையாது. என்கூட வந்து இருங்கன்னு என் பையன் ஒத்தக் கால்ல நிக்கிறான். கலங்கரை விளக்கம் வரைக்கும் நடந்து காட்டினா விட்டுடுவானாம். அங்கேதான் காத்துட்டு இருப்பான். வேன்ல போய் இறங்கினா, நாளைக்கே நான் சாமான் கட்டணும்.”

“பையன் வீட்டுல என்ன குறை?” என்று கேட்டார் டாக்டர்.

“ஒரு குறையும் இல்ல. ராஜா மாதிரி வெச்சுப்பான். நாற்காலியை விட்டு எந்திரிக்கத்தான் விட மாட்டான்.”

முதல் தோட்டத்தில் ஆளுக்கு ஒரு கோப்பை. அடியில் கொஞ்சம்போல் ஊற்றினார்கள். “இது ஒயினா, தீர்த்தமா?” என்று டாக்டர் கோப்பையைத் தூக்கிப் பார்த்தார்.

தபால்காரர் தன் கோப்பையைக் கையால் மூடினார். “எனக்குக் கலங்கரை விளக்கத்துக்குப் போய்த்தான்.”

மற்றவர்கள் மீனை முடிப்பதற்குள் ரொட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு கிளம்பியும்விட்டார். பாறை மேட்டில் எல்லோரும் அவரைத் தாண்டிப் போனார்கள். அவர் யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை. “நட. எத்தனை நாய் துரத்தின கால் நீ. நட,” என்று காலோடு பேசிக்கொண்டே ஏறினார்.

மேட்டின் உச்சியில் வரிசை நின்றிருந்தது. லேஸ்.

“இவங்களை வேன்ல ஏத்தக் கூடாதா?” என்றார் டாக்டர்.

“லேஸுக்கெல்லாம் வேன் கிடையாது சார்,” என்றாள் வழிகாட்டிப் பெண். அவளுக்கே அலுத்துவிட்டது.

இரண்டாவது தோட்டத்தைத் தாண்டுவதற்குள் அந்த அம்மாவுக்கு ‘லேஸ் அம்மா’ என்றே பெயர் விழுந்துவிட்டது.

மணல் வளைவுக்கு இறங்கும் இடம். நடுவழியில் மறுபடியும் குனிந்துவிட்டார். பின்னால் வியர்க்க வியர்க்க வந்து சேர்ந்த தபால்காரர் பொறுமை இழந்தார்.

“ஏம்மா, லேஸ் கட்ட உங்க வீட்டுல யாரும் சொல்லித் தரலையா? கடல் ஏறிடுச்சுன்னா எல்லாரையும் வேன்ல ஏத்திடுவாங்க. உங்களால என் வீடே போயிடும்.”

அந்த அம்மா தலையைத் தூக்கிக் கடலைப் பார்த்தார். “இன்னும் கொஞ்சம் நேரம் இருக்கு ஐயா. அவசரம்னா நீங்க கட்டி விடுங்க.”

“நான் குனிஞ்சா நிமித்துறதுக்கு கிரேன் வரணும்.”

கோபத்தில் பக்கத்துப் பாறையில் தொப்பென்று உட்கார்ந்தார். தண்ணீர் குடித்தார். முழங்காலைத் தேய்த்துக்கொண்டே முணுமுணுத்தார். அந்த அம்மா நிதானமாகக் கட்டி முடித்தார்.

“ஆச்சு ஐயா. போலாமா?”

மணல் வளைவின் கடைசியில் அலை கணுக்காலை நனைத்தது. தபால்காரர் பல்லைக் கடித்துக்கொண்டு நடந்தார். நனைந்த ஷூ சளக் சளக் என்று சத்தம் போட, கலங்கரை விளக்கத்தின் படியில் கால் வைத்தார்.

மகன் எழுந்து வந்தான். “நடந்தா வந்தீங்க?”

“பின்னே, தபால்லயா வந்தேன்?”

மகன் வழிகாட்டிப் பெண்ணைப் பார்த்தான். “முழுக்க நடந்தேதான் வந்தார் சார்,” என்றாள் அவள்.

அவன் குனிந்து அப்பாவின் நனைந்த ஷூவைத் தொட்டுப் பார்த்தான். “சரிப்பா. உங்க வீட்டுலயே இருங்க.”

தபால்காரர் நாற்காலியில் சாய்ந்தார். காலையில் மூடி வைத்த கணக்குக்கு இப்போது ஒரு கோப்பை வந்தது.

“யார் தயவும் இல்லாம வந்தேன்டா. இன்னும் சீக்கிரமே வந்திருப்பேன். ஒரு அம்மா வழியெல்லாம் நிறுத்தி நிறுத்தி உயிரை எடுத்துட்டாங்க. அதோ, அவங்கதான்.”

கோப்பையோடு கையை நீட்டிக் காட்டினார். நீட்டிய கை அப்படியே நின்றது.

“என்னப்பா?” என்றான் மகன்.

அந்த அம்மா பேண்ட்டை முழங்கால் வரை சுருட்டிவிட்டு, நனைந்த ஷூ இரண்டையும் தட்டி மணலைக் கொட்டி, சுவர்மேல் காய வைத்துக்கொண்டிருந்தார்.

காலை நுழைத்தால் போதும் என்கிற வகை ஷூ. லேஸ் கோக்க அதில் ஓட்டைகூட இல்லை.