ஏழாவது ஆட்டம்

"ஏங்க, எழுந்து வந்து உங்க அம்மாகிட்ட ஒரு வார்த்தை கேளுங்க. சாம்பாருல உப்பு இல்லன்னா போட்டுக்க வேண்டியதுதானே? தட்டைத் தள்ளி வுட்டுட்டுப் போறாங்க."

"ம்," என்றான் ஆனந்தராஜ். கண் டிவியை விட்டு நகரவில்லை.

டிவியில் உலகம் அழிந்து கிடந்தது. அணுகுண்டு விழுந்த ஊர். இடிந்த கட்டடங்கள், துருப்பிடித்த கார்கள், மூலைக்கு மூலை பூதங்கள். நடுவே ஆனந்தராஜ் துப்பாக்கியும் கையுமாகக் குப்பையைக் கிளறிக்கொண்டிருந்தான். நாற்பது வயதில் செய்கிற வேலையா இது என்று அவனுக்கே சில சமயம் தோன்றும். வீட்டுக் குப்பையை எடுத்துப்போய் வண்டியில் போடச் சொன்னால் மட்டும் இடுப்பு பிடித்துக்கொள்ளும்.

"அப்படி என்னத்தங்க தேடுறீங்க?" பிரபா சோபாவின் கைப்பிடியில் உட்கார்ந்தாள்.

இந்தக் கேள்விக்கு மட்டும் அவனுக்கு வாய் திறந்தது. "இந்த கேமுக்குள்ளயே குட்டி குட்டியா வேற கேமு ஒளிச்சு வச்சிருக்கான் பிரபா. பாழடைஞ்ச ஆஸ்பத்திரியில ஒரு கம்ப்யூட்டர் கெடக்கும். ஆன் பண்ணா அதுக்குள்ள ஒரு ஆட்டம், நாமளே ஆடலாம். மொத்தம் ஏழு. ஆறு புடிச்சிட்டேன். எல்லார் கண்ணுக்கும் அது தெரியாது. கூர்ந்து பாக்கறவனுக்குத்தான் தெரியும்."

"அப்படியா," என்று பிரபா எழுந்து போனாள்.

அவள் அந்தப் பக்கம் போனதும் இந்தப் பக்கம் அவன் அம்மா கொளஞ்சியம்மாள் வந்து நின்றாள்.

"டேய் ராஜு, உன் பொண்டாட்டி பேசுற பேச்சு காதுல வுழுதா இல்லியா? உப்பு போட மறந்தது அவ. நாக்கு செத்துப்போனது எனக்காம்."

"ம்."

"என்னடா ம்மு? எழுந்து போயி கேக்க மாட்டியா?"

"கேக்கறேம்மா. இந்த ரூமை மட்டும் பாத்துட்டு."

ஹெட்போனை ஒரு காதில்தான் மாட்டியிருந்தான். இன்னொரு காது குடும்பத்துக்கு. இப்படி ஒரு நியாயமான ஏற்பாடு செய்துகொண்டதில் அவனுக்குக் கொஞ்சம் பெருமைகூட உண்டு. உண்மையில், ஞாயிற்றுக்கிழமை வந்தால் மாமியாரும் மருமகளும் முட்டிக்கொள்வதும், அவன் அழிந்த உலகத்துக்குள் போய் ஒளிந்துகொள்வதும் சில மாதங்களாக வழக்கமாகிவிட்டது. பத்துப் பூதத்தைத் தனியாளாகச் சமாளிப்பவனுக்கு அடுக்களை வாசலில் போய் நிற்கத் தைரியம் வராது. யார் பக்கம் பேசினாலும் அடி நிச்சயம். என்றைக்காவது இது முற்றி, இருவரில் ஒருவர் வீட்டை விட்டே போய்விடுவார்கள் என்ற பயம் மட்டும் எப்போதும் இருந்தது.

போன வாரம் பிரபா தேள் என்று கத்தினாள். ஆட்டத்தைப் பாதியில் விட்டுவிட்டு ஓடினான். புதைந்து கிடக்கும் ஆட்டங்களையெல்லாம் தோண்டி எடுத்தவனுக்கு, அடுக்களைக்குள் ஒரு தேளைக் கண்டுபிடிக்க முடியவில்லை.

அடுக்களையில் ஒரு கப் உடைந்தது. பிறகு இன்னொன்று.

அவன் திரும்பவில்லை. விருத்தாசலத்தில் செராமிக் கம்பெனி வேலை அவனுக்கு. சூளையிலிருந்து வரும் கப்புகளைத் தட்டிப் பார்த்து, விரிசல் விட்டதை உடைத்துப் போட வேண்டும். உடைகிற சத்தத்துக்கெல்லாம் திரும்பிக்கொண்டிருந்தால் கழுத்து என்னத்துக்கு ஆகும்? வீட்டு அலமாரியில் இருப்பதும் கம்பெனி கழித்துப்போட்ட கப்புகள்தான்.

"கப்பு ஒடைஞ்சும் திரும்ப மாட்டேங்குறாரே," என்று பிரபா முணுமுணுப்பது கேட்டது. அந்தக் குரலில் இருந்த சலிப்பு அவனைச் சுட்டது. இந்த ரூம் முடிந்ததும் கண்டிப்பாக எழுந்துவிட வேண்டும் என்று முடிவு செய்தான்.

அப்போதுதான் அது கண்ணில் பட்டது. இடிந்த ஓட்டலின் பின்னறையில், கிழிந்த சாக்குக்கு அடியில் ஒரு பழைய ஆட்டப்பெட்டி. ஏழாவது. கையிருப்பில் இருந்த ஒரே பேட்டரியை அதில் போட்டான். பெட்டிக்கு உயிர் வந்தது. பேட்டரி தீருமுன் ஆடி முடிக்க வேண்டும். தீர்ந்தால் பெட்டி அவ்வளவுதான். நடுவில் நிறுத்தி வைக்கவும் வழியில்லை.

"நான் திட்டக்குடிக்கு மகேஸ்வரி வூட்டுக்குப் போறேன்டா." அம்மா கூடத்தில் நின்றாள். கையில் பெரிய பை. "மக வூட்டுல கஞ்சி குடிச்சாலும் நிம்மதியா குடிப்பேன்."

"நீங்க எழுந்திரிக்காதீங்க. போறவங்க போகட்டும்," என்றாள் பிரபா அடுக்களையிலிருந்து.

அம்மா செருப்பை மாட்டிக்கொண்டாள். கேட் திறக்கும் சத்தம் கேட்டது.

ஆனந்தராஜ் டிவியைப் பார்த்தான். மாதக்கணக்கில் தேடியது கையில் இருந்தது. வாசலைப் பார்த்தான். அப்பா இறந்த பிறகு தன்னையே நம்பி இருக்கிற அம்மா பையோடு தெருவில் இறங்கிக்கொண்டிருந்தாள். நானெல்லாம் ஒரு பிள்ளையா என்று தன்னைத் திட்டிக்கொண்டு கேம் ரிமோட்டைச் சோபாவில் போட்டான். ஹெட்போன் வயரில் கால் சிக்கி, டீப்பாயில் முட்டி இடித்து, ஒற்றைச் செருப்போடு ஓடினான். பின்னால் பேட்டரி தீர்ந்துபோகிற கூவல் கேட்டது.

"போவாதம்மா. இனிமே அந்தக் கேமையே தொடமாட்டேன். பிரபாகிட்ட நான் பேசறேன்." அம்மாவின் கையிலிருந்த பையைப் பிடுங்கினான்.

பை கனக்கவே இல்லை. உள்ளே ஒரு தலையணை மட்டும் இருந்தது.

அம்மா அவனைப் பார்க்கவில்லை. அவன் தோளுக்கு மேலாக, வாசலில் வந்து நின்ற மருமகளைப் பார்த்துச் சிரித்தாள்.

"போன வாரம் தேளுன்னு கத்தி நீ எழுப்பினே. இன்னைக்கு நான் எழுப்பிட்டேன். பந்தயப்படி பாத்திரமெல்லாம் நீதான் கழுவணும்."

"சரிங்க அத்தை," என்றாள் பிரபா. "அடுத்த ஞாயித்துக்கிழமை மட்டும் அந்தப் பையை எனக்குத் தாங்க, நான் கருவேப்பிலங்குறிச்சிக்கு எங்கம்மா வூட்டுக்குக் கெளம்பறேன்."