பெயர் போடாத கதாசிரியர்

ஹப்சிகுடா பகுதியில் தங்கை குடியிருந்த ஃப்ளாட்டின் கதவு திறந்ததுமே, ஜகதீசன் அவள் புருஷன் தினேஷின் முகத்தில் குத்தினார்.

“ஜப்பான்காரன் எடுக்கிற அசிங்கப் படத்துக்கெல்லாம் கதை எழுதுறது நீதானாடா?”

“நான்தான் மச்சான்.”

அடுத்த குத்தில் பல் உடைந்தது. தினேஷ் கையைத் தூக்கவே இல்லை. ஜகதீசன் அவனைக் கீழே தள்ளி, வயிற்றில் மிதித்தார்.

“இவனோட வாழ்ந்தது போதும். கிளம்பு சாரு!”

சாருலதா குறுக்கே வந்து நின்றாள்.

“அவருக்கு ஜப்பானிய மொழியில ஒரு எழுத்துகூடத் தெரியாதுண்ணா. ஆபீஸ்ல கத்துக்கிட்டது நான். எழுதுறதும் நான்தான்.”

ஜகதீசன் அவளை அடிக்கக் கை ஓங்கினார். தினேஷ் எழுந்து அந்தக் கையைப் பிடித்து முறுக்கினான். எலும்பு முறிந்தது.

“என்னை எவ்வளவு வேணா அடிங்க மச்சான்,” என்றான், ரத்தத்தைத் துப்பிவிட்டு. “எழுதுறவ மேல கை படக்கூடாது.”